பழமொழிய உல்டா பண்றது எப்படி: பூமிய பூரியாக்குற வித்தை

ஒரு ஞாயித்துக்கிழமை காலைல மதுரைல ஒரு டிபன் கடை, நல்ல கூட்டம், எங்க மேசைல ஆறு பேரு, பூரி சொல்லி இருபது நிமிசம் ஆச்சு வரவே இல்ல, எங்க மாமா சர்வர கூப்பிட்டு கூப்பிட்டு மொகமே செவந்து போச்சு. எங்க அக்கா மக, அஞ்சாங்கிளாஸ் படிக்கிறா, அந்த வாரம் ஸ்கூல்ல பழமொழி எழுதிட்டு வரச் சொல்லியிருந்தாங்க போல, அவ நிமிந்துகூட பாக்காம "பொறுத்தார் பூரி ஆள்வார் தாத்தா"ன்னா. மேசையே சிரிச்சிருச்சு. பக்கத்துல இருந்த எங்க அண்ணன் அத அப்படியே விடுவானா, "பொங்கினார் பொங்கலோட போவார்"னு முடிச்சு வெச்சான். மாமாவுக்கே சிரிப்பு வந்திருச்சு, கடைசில அவரு நெசமாவே பொங்கல்தான் வாங்கி சாப்ட்டாரு.

அன்னைக்கு வீட்டுக்கு வந்தும் அது மண்டைக்குள்ளயே ஓடிட்டு இருந்துச்சு. ஏன் அவ்ளோ கச்சிதமா இருந்துச்சுன்னு யோசிச்சு பாருங்க. பூமில ஒரே ஒரு எழுத்து மாறியிருக்கு, மி போயி ரி வந்திருக்கு, அவ்ளோதான். பூ அப்படியே நெடிலா நிக்குது, சொல்லோட நீளம் மாறல, ஆள்வார்ங்குற ராஜ தோரணை மாறல. ரெண்டாவது பாதி இன்னும் அழகு, பழசுல "பொங்கினார் காடாள்வார்"னு இருக்கும், அந்த பொங்குறதுக்குள்ளயே பொங்கல் ஒளிஞ்சு கெடக்கு, எங்க அண்ணன் வெளிய எடுத்து வெச்சான், வேற ஒண்ணும் பண்ணல. உல்டா பண்றதுன்னா இதுதாங்க, பழமொழிக்குள்ள ஏற்கனவே ஒளிஞ்சிருக்குற இன்னொரு வார்த்தைய கண்டுபிடிக்கிறது. வெளிய இருந்து கொண்டுவந்து ஒட்டுறது எல்லாம் ஒட்டாது.

பத்திரிகைக்காரங்க இதுக்கு புதுமொழின்னு பேரு வெச்சிருந்தாங்க, துணுக்கு துணுக்கா போடுவாங்க, நம்ம பசங்க உல்டாங்குறாங்க, கடின்னும் சொல்றாங்க. பேரு எதுவா வேணா இருக்கட்டும், இத ஒழுங்கா பண்றதுக்கு ஒரு வழி இருக்கு, கொஞ்ச வருசமா நோட்டு போட்டு எழுதி பழகினதுல எனக்கு புடிபட்டத சொல்றேன்.

மொதல்ல எந்த பழமொழிய எடுக்கறதுங்குறது. எதிர்ல இருக்குறவங்களுக்கு அது மனப்பாடமா தெரிஞ்சிருக்கணும், இல்லன்னா நீங்க எத மாத்துனீங்கன்னே அவங்களுக்கு தெரியாது, சிரிப்பு எங்கிருந்து வரும். இதுக்கு ஒரு சோதனை இருக்கு, பாதிய மட்டும் சொல்லி நிறுத்துங்க. "யானைக்கும்..."னு சொன்னா உடனே "அடி சறுக்கும்"னு யாராச்சும் முடிச்சா அந்த பழமொழி உயிரோட இருக்கு, எடுக்கலாம். பதினெண்கீழ்க்கணக்குல பழமொழி நானூறுன்னு ஒண்ணு இருக்கு தெரியுமா, 400 வெண்பா, ஒவ்வொண்ணுலயும் ஒரு பழமொழி வெச்சிருக்காரு மூன்றுறை அரையனார், அதுல நிறைய இன்னைக்கு யார் வாய்லயும் இல்ல. பெர்சிவல்னு ஒரு பாதிரியார் 1874ல 6,000க்கும் மேல பழமொழி சேத்து அச்சு போட்டாரு, அத பொரட்டிப் பாத்தீங்கன்னா பக்கத்துக்கு பக்கம் நமக்கு தெரியாதது வந்துட்டே இருக்கும். படிக்க அவ்ளோ ருசி, ஆனா உல்டாவுக்கு ஒதவாது, முடிச்சு வெக்க ஆள் இல்லாத பழமொழிய திருப்ப முடியாது.

எனக்கு பெரும்பாலும் எங்க அப்பத்தா சொன்னதுதான் கை குடுக்கும். சிவகங்கை பக்கம் கிராமம், ஊருணில இருந்து குடம் குடமா தண்ணி தூக்கினவுக, பத்து வார்த்தை பேசினா அதுல ஒரு சொலவடை இருக்கும். நம்ம வீட்டு பெரியவங்க வாய்ல வர்றத கவனிச்சாலே போதும், அதுதான் இன்னும் ஓட்டத்துல இருக்குற சரக்கு.

பழமொழி கெடச்சதும் அதுல கீல் எங்க இருக்குன்னு பாக்கணும். கதவுக்கு கீல் மாதிரி, எந்த எடத்துல தொட்டா மொத்த பழமொழியும் திரும்புமோ அந்த வார்த்தை. நான் பண்றது என்னன்னா சத்தமா நாலு தடவ சொல்லிப் பாப்பேன், மனசுக்குள்ள இல்ல, வாய் விட்டு. எந்த வார்த்தைல நாக்கு அழுத்தி நிக்குதோ அங்கதான் கீல் இருக்கும். யானைக்கும் அடி சறுக்கும்ல யானைல இல்ல, அடில. காக்காய்க்கும் தன் குஞ்சு பொன் குஞ்சுல பொன்ல.

யானையவே எடுத்துக்குவோம், முழுசா ஒண்ணு பண்ணிப் பாத்தாதான் புரியும். கீல் அடி. இப்ப ரெண்டாவது எழுத்து டி அத விடக்கூடாது, அதுதான் எதுகை, காது அதத்தான் தேடும். அதனால டில முடியிற ரெண்டெழுத்து வார்த்தைய அகர வரிசைல ஓட்டுங்க: இடி, கடி, குடி, கொடி, செடி, தடி, நொடி, படி, பொடி, மடி, முடி, வெடி. ஒவ்வொண்ணா உள்ள போட்டு சொல்லிப் பாருங்க. யானைக்கும் செடி சறுக்கும், ஒண்ணுமில்ல. யானைக்கும் முடி சறுக்கும், லேசா சிரிப்பு வருது ஆனா முடி கொட்டும்னுதான் சொல்லுவோம் சறுக்கும்னு சொல்ல மாட்டோம், அதனால இழுக்குது. யானைக்கும் படி சறுக்கும், இது பரவால்ல, கவர்மெண்டு வேலைல இருக்குறவங்க கிட்ட சொன்னா பஞ்சப்படின்னு புடிச்சுக்குவாங்க, எவ்ளோ பெரிய ஆபீசரா இருந்தாலும் படில கை வெச்சா ஆடிப்போவாருன்னு ஒரு அர்த்தம் நிக்குது. அடுத்து யானைக்கும் குடி சறுக்கும். நில்லுங்க, இதான். எவ்ளோ பலசாலியா இருந்தாலும் உள்ள போச்சுன்னா கால் நிக்காது, சறுக்கும்ங்குற வார்த்தை அடிக்கு எப்படி பொருந்துச்சோ அதே மாதிரி குடிக்கும் பொருந்துது, அதுக்கு மேல அது உண்மையும் கூட. பன்னெண்டு வார்த்தைல ஒண்ணு தேறுச்சு, அந்த கணக்கு சரியான கணக்குதான், சில சமயம் ஒண்ணுகூட தேறாது.

இதுல தப்பா போறவங்க என்ன பண்ணுவாங்கன்னா "லேப்டாப்புக்கும் சார்ஜ் எறங்கும்"னு எழுதுவாங்க. யானையும் இல்ல அடியும் இல்ல சறுக்கலும் இல்ல, அப்பறம் அது எந்த பழமொழின்னு யாருக்கு தெரியும்? எவ்ளோ கம்மியா மாத்துறீங்களோ அவ்ளோ பலம். நாலு வார்த்தைல ஒண்ணு, அந்த ஒண்ணுலயும் ஒரு எழுத்து, முடிஞ்சா ஒரு கொம்பு மட்டும். கொம்புன்னா நெஜமாவே எழுத்துக்கு முன்னாடி போடுற கொம்ப சொல்றேன், "காக்காய்க்கும் தன் குஞ்சு போன் குஞ்சு" பாருங்க, பொன் போன் ஆகியிருக்கு, குறில் நெடில் ஆனதுதான் வித்தியாசம், ஒற்றைக்கொம்பு இரட்டைக்கொம்பு ஆகியிருக்கு, வேற எதுவும் மாறல. ஆனா சோறு ஊட்டுறதுல இருந்து தூங்க வெக்கிறது வரைக்கும் போன கைல குடுத்து வளக்குற எல்லா வீட்டையும் அது ஒரே வரில சொல்லிருது. எனக்கு தெரிஞ்சு இதவிட சின்னதா திருப்புற வழி இல்ல.

அதே பொன் போன் வித்தைய "மின்னுவதெல்லாம் பொன்னல்ல"ல போட்டுப் பாருங்க. மின்னுவதெல்லாம் போனல்ல. சத்தம் சரியா வருது, ஆனா அர்த்தம் எங்க? மின்னுறதெல்லாம் போன்னு யாரு சொன்னா? செத்துப்போச்சு. அதனால சத்தம் பாதிதான், மாத்துனதுக்கு அப்பறம் கேக்குறவங்க "ஆமால்ல"ன்னு சொல்லணும், அந்த ஆமால்ல வரலன்னா எவ்ளோ எதுகை இருந்தாலும் கிழிச்சு போட்ருங்க.

எதுகை மோனைய பத்தி பயப்படாதீங்க, ஸ்கூல்ல இலக்கணமா படிச்சப்ப கசந்திருக்கும், இங்க அது வெறும் காது வேலை. மொத எழுத்து ஒண்ணா வந்தா மோனை, ரெண்டாவது எழுத்து ஒண்ணா வந்தா எதுகை. "அளவுக்கு மிஞ்சினா அமிர்தமும் நஞ்சு"ல அளவும் அமிர்தமும் ரெண்டும் அல ஆரம்பிக்குது, அந்த அவ விட்டீங்கன்னா போச்சு. "அளவுக்கு மிஞ்சினா அலாரமும் தாலாட்டு." அஞ்சு மணிக்கு ஒண்ணு, அஞ்சு பத்துக்கு ஒண்ணு, அஞ்சே காலுக்கு ஒண்ணுன்னு வெச்சு எல்லாத்தையும் அமுத்திட்டு தூங்குறவங்க எல்லா வீட்லயும் இருக்காங்க. அமிர்தமும், அலாரமும், விரல் விட்டு எண்ணிப் பாருங்க, அ-மிர்-த-மும், அ-லா-ர-மும், நாலுக்கு நாலு, முடியிறதும் மும். "அளவுக்கு மிஞ்சினா மொபைல் அலாரமும் தாலாட்டு"னு ஒரு வார்த்தை கூடப் போட்டாலும் நொண்டும்.

இன்னொரு விசயம், பழமொழியோட பழைய நடைய கலைக்காதீங்க. பொறுத்தார் பூரி ஆள்வார்தான் சிரிப்பு, "பொறுத்தவங்களுக்கு பூரி கெடைக்கும்"னு பேச்சுல மாத்துனா அது வெறும் ஓட்டல் தகவல். பூரிக்கு ராஜா வேசம் போட்டு நிக்க வெச்சதுலதான் மொத்த அழகும் இருக்கு, அந்த கிரீடத்த கழட்டிராதீங்க.

சரி, அடுத்து ரெண்டு அர்த்தம் உள்ள வார்த்தைங்க. இதுக்குன்னு தனி நோட்டு போட்டே ஆகணும், நான் கண்ல பட்டதெல்லாம் எழுதி வெச்சிருக்கேன்: கால், ஆறு, படி, சுடு, ஆப்பு, ஒத்தி, தள்ளுபடி, பறக்கும், கட்டு, பத்து. இங்கிலீஷ்ல இருந்து வந்து நம்ம வார்த்தையோட முட்டிக்கிட்டு நிக்கிறதெல்லாம் தங்கம். பஞ்சதந்திரத்துல மரம் அறுக்குற எடத்துல ஆப்ப புடுங்கிட்டு மாட்டிக்கிட்ட கொரங்கு கதை இருக்குல்ல, அதுல இருந்துதான் "ஆப்பசைத்த குரங்கு போல"ன்னு வந்துச்சு. இப்ப செல்போன்ல கண்ட கண்ட ஆப்ப எறக்கி அமுக்கக் கூடாதத அமுக்கி அக்கவுண்ட்ல பணத்த விட்டவங்களுக்கு அதே வரிய ஒரு எழுத்துகூட மாத்தாம சொல்லலாம், ஆப்ப அசைச்ச கொரங்கு. உல்டாவுல உச்சம் இதுதான்னு நான் நெனைக்கிறேன், ஒண்ணுமே மாத்தாம காலம் மட்டும் மாறி அர்த்தம் மாறுறது. ஆனா பணத்த விட்டவங்க மூஞ்சிக்கு நேரா சொல்லாதீங்க, விடப்போறவங்களுக்கு சொல்லுங்க.

இந்த வகைல ஊர் பாத்து பேசணும். "ஊரோடு ஒத்து வாழ்" இருக்குல்ல, எங்க மதுரைல வீடு வாடகைக்குன்னு ஒரு போர்டு இருந்தா ஒத்திக்குன்னு பக்கத்துல இன்னொரு போர்டு இருக்கும், மொத்தமா ஒரு தொகைய குடுத்துட்டு ரெண்டு மூணு வருசம் இருக்குறது, அதனால "ஊரோடு ஒத்திக்கு வாழ்"னு சொன்னா எங்க தெருவே சிரிக்கும், சொந்த வீடு வாங்க முடியாதவங்க வயித்தெரிச்சல் மொத்தமும் அதுல இருக்கு. இதையே சென்னைல ஒரு கல்யாண வீட்ல சொன்னப்ப நாலு பேரு என்னன்னு திரும்பி பாத்தாங்க, அங்க லீஸ்னும் போக்கியம்னும்தான் பேச்சு. வார்த்தை செத்த ஊர்ல சிலேடை எடுபடாது. அதனால நோட்டுல ஒவ்வொண்ணுக்கும் பக்கத்துல எந்த ஊருக்கு ஆகும்னு ஒரு குறிப்பு போட்டுக்கங்க.

இப்ப நான் ரொம்ப நேசிக்கிற ஒண்ணுக்கு வர்றேன். அடக்கமுடைமைல 129வது குறள், "தீயினால் சுட்டபுண் உள்ளாறும் ஆறாதே நாவினால் சுட்ட வடு". நம்மூர்ல வெட்டிப்பேச்சு பேசி வாக்குறுதியா அள்ளி விடுறவங்கள "வாயாலயே வடை சுடுறான்"னு சொல்லுவோம். இப்ப வடுவ தொடுங்க, உ போயி ஐ வரட்டும்: தீயினால் சுட்டபுண் உள்ளாறும் ஆறாதே நாவினால் சுட்ட வடை.

கொஞ்சம் நிதானமா பாருங்க இது எத்தன எடத்துல வேலை செய்யுதுன்னு. சுட்டங்குறது புண்ணுக்கு எரிச்சது, வடைக்கு எண்ணெய்ல போட்டு எடுத்தது. ஆறுங்குறது புண்ணுக்கு குணமாகுறது, வடைக்கு சூடு எறங்குறது. நாவினால் சுடுறது குறள்ல கடுஞ்சொல், இங்க பொய் வாக்கு. வடை ஆறிப்போனா யாரும் தின்ன மாட்டாங்க, ஆனா வாயால சுட்ட வடை மட்டும் அஞ்சு வருசத்துக்கு ஒருதடவ அதே சூட்டோட திரும்ப வரும், மூணு மாசத்துல வீட்டு சாவி கைலன்னு சொல்லிட்டு மூணு வருசமா சொல்லிட்டே இருக்குற பில்டர் வாய்லயும் அதே சூடு. ஒரு எழுத்து மாத்துனதுக்கு இவ்ளோ கெடைக்குது. சில பேரு "தீயினால் சுட்ட வடை உள்ளாறும் ஆறாதே நாவினால் சுட்ட வடை"ன்னு மொத பாதிலயும் வடை போடுவாங்க, அது தப்புன்னு சொல்லல, ஆனா வடைய மொதல்லயே காட்டிட்டா கடைசில வெடிக்க ஒண்ணும் இல்லாம போயிருது. கேக்குறவங்க வடுன்னு வாய தெறந்து வெச்சிருக்குறப்ப வடை வந்து விழணும். திருப்புற எடம் எவ்ளோ தள்ளி இருக்கோ அவ்ளோ நல்லது.

இதுக்கு தம்பி மாதிரி ஒண்ணு ஆத்திசூடில இருக்கு, "ஆறுவது சினம்", அது கூட "ஆறக்கூடாதது டீ"ன்னு சேத்து விடுங்க, மொத பாதிய தொடவே வேணாம். இப்படி ஒட்டுப்போடுற முறை சுலபமானது, புதுசா ஆரம்பிக்கிறவங்க இதுல இருந்து ஆரம்பிக்கலாம். "ஆழம் தெரியாம காலை விடாதே"ல காலைக்கும் விடாதேக்கும் நடுவுல ஒரே ஒரு வார்த்தைய சொருகுங்க, "ஆழம் தெரியாம காலை வணக்கம் விடாதே". புதுசா சேத்து விட்ட வாட்ஸ்அப் குரூப்ல பூப்படம் போட்டு அனுப்புறவங்களுக்கு இத விட தெளிவா சொல்ல முடியாது. கால் பொழுதா மாறிருச்சு, எழுத்து அப்படியே இருக்கு.

இப்படி ஒரே சொல்லுக்கு ரெண்டு அர்த்தம் வர்றத செம்மொழிச் சிலேடைன்னும், சொல்ல பிரிச்சு ரெண்டாவது அர்த்தம் எடுக்குறத பிரிமொழிச் சிலேடைன்னும் தண்டியலங்காரம்ங்குற அணி இலக்கண நூல் பிரிச்சு சொல்லுது. இதுல காளமேகப் புலவர் தொடாத எடம் இல்ல, பாம்பையும் வாழைப்பழத்தையும் ஒரே வெண்பால வெச்சு ரெண்டுக்கும் நஞ்சிருக்கும்னாரு, பாம்புக்கு விசம், பழத்துக்கு கனிஞ்சு நைஞ்சு போறது. ரெண்டும் தோல் உரிக்கும்னாரு. அந்த பாட்ட ஒருதடவ வாய் விட்டு படிச்சீங்கன்னா நம்ம பண்ற வேலைக்கு எவ்ளோ பெரிய பரம்பரை இருக்குன்னு தெரியும். நம்ம காலத்துக்கு பக்கத்துல வந்தா கலைமகள் பத்திரிகை ஆசிரியரா இருந்த கி.வா.ஜகந்நாதன், 1906ல இருந்து 1988 வரைக்கும் வாழ்ந்தவரு, சிலேடை பேச்சுக்கு பேர் போனவரு, அவரேதான் ஆயிரக்கணக்குல பழமொழிய தேடி சேத்து தொகுத்தும் வெச்சாரு. ரெண்டும் ஒரே ஆள்ங்குறது எனக்கு ஆச்சரியமே இல்ல, பழமொழிய அவ்ளோ காதலிக்கிறவங்களுக்குத்தான் வார்த்தை ரெண்டா பிரிஞ்சு காட்டும்.

பிரிச்சுப் படிக்கிற இந்த வித்தைல ஒரு எச்சரிக்கை சொல்லணும். "மண்குதிரைய நம்பி ஆத்துல எறங்கலாமா"ங்குறது குதிரை இல்ல மண் குதிர், அதாவது ஆத்து நடுவுல தெரியிற மணல் திட்டுன்னும், "ஆயிரம் பேரைக் கொன்றவன்" இல்ல "ஆயிரம் வேரைக் கொன்றவன்"னும், "கழுதைக்கு தெரியுமா" இல்ல "கழு தைக்க தெரியுமாம்"னும் பார்வர்ட் வருது பாத்திருப்பீங்க, பழமொழியின் உண்மையான அர்த்தம்னு தலைப்பு போட்டு. வார்த்தைய ஒடைச்சு புதுசா ஒண்ணு எடுக்குறது ரசிக்கக்கூடிய வேலைதான், நானும் ரசிக்கிறேன். ஆனா உண்மையான அர்த்தம் இதுதான், இத்தன நாளா எல்லாரும் தப்பா சொன்னோம்னு அடிச்சு சொல்றதுல எனக்கு வருத்தம் உண்டு. மண்ணுல செஞ்ச குதிரைய நம்பி ஆத்துல எறங்குனா கரைஞ்சு போகும்ங்குறதுல என்ன கொறை, அது நல்லாத்தானே இருக்கு. அதனால நீங்க ஒண்ண திருப்புனா இது என் உல்டான்னு சொல்லியே அனுப்புங்க, பழசு இப்படித்தான் இருந்துச்சுன்னு அனுப்பாதீங்க, நாலு வருசத்துல அது பாடப் பேச்சுக்குள்ள போயி ஒக்காந்துரும், அப்பறம் எடுக்க முடியாது.

வார்த்தைய மாத்தாம எடத்த மட்டும் மாத்துறதும் ஒரு வழி. இதுல எனக்கு ரொம்ப புடிச்சது கொஞ்சம் கோவத்துல பொறந்தது. "அடுப்பூதும் பெண்களுக்குப் படிப்பெதற்கு"னு ஒரு காலத்துல வாய் கூசாம சொன்னாங்கல்ல, அதுல அடுப்பையும் படிப்பையும் எடம் மாத்திப் போடுங்க, ஊதும்ம ஓதும்னு ஆக்குங்க: "படிப்போதும் பெண்களுக்கு அடுப்பெதற்கு". அந்த ஓ ஒண்ண தவிர மத்ததெல்லாம் அந்த பழைய வரில இருந்தே எடுத்தது, அடிச்சவங்க கைல இருந்த கம்பையே வாங்குன மாதிரி. நம்ம பழமொழில சாதிய வெச்சும் பொம்பளைங்கள வெச்சும் ஒடம்பு கொறைய வெச்சும் இழிவா சொன்னது நெறையவே இருக்கு, அதயெல்லாம் திருப்ப எடுக்குறப்ப குத்து யார் மேல விழுதுன்னு பாருங்க. மறுபடி அவங்க மேலயே விழுந்தா அந்த பழமொழிய அப்படியே கெடக்க விட்ருங்க. "ஆடத் தெரியாதவ கூடம் கோணல்னாளாம்"ங்குறத நான் "பேசத் தெரியாதவன் மைக் கோணல்னானாம்"னு மாத்தி வெச்சிருக்கேன், மேடைல பத்து நிமிசம் ஹலோ ஹலோன்னு தட்டிட்டே இருக்குறவங்கள பாக்குறப்ப எல்லாம் ஒதவுது.

நேரடி அர்த்தம் எடுக்குறது கொழந்தைங்களுக்கு தானா வரும். பசி வந்தா பத்தும் பறந்து போகும்ங்குறோம், அந்த பத்து என்னன்னு ஔவையார் நல்வழில பட்டியலே போட்டிருக்காங்க, மானம் குலம் கல்வி வண்மை அறிவுடைமைன்னு போகும். எங்க வீட்டு வாண்டு கிட்ட கேட்டா "பத்து இட்லி"ங்குறா. பசி வந்தா பத்து இட்லியும் பறந்து போகும், அதுவும் உண்மைதானே.

காலத்துக்கு தகுந்த மாதிரி பண்றதுக்கு ஒரு சின்ன வழி சொல்றேன், நாள்ல எது உங்கள படுத்துதோ அதுல இருந்து ஆரம்பிங்க, பழமொழில இருந்து இல்ல. வீட்டுக்கடன் கட்டிட்டு இருந்தீங்கன்னா வட்டிக்கு போனது போக அசல்ல எவ்ளோ கழிஞ்சிருக்குன்னு ஸ்டேட்மெண்ட் பாத்து நெஞ்சு அடைச்சிருக்கும், அப்ப "கற்றது கைமண் அளவு கல்லாதது உலகளவு" தானா திரும்பி நிக்கும், "கட்டினது கைமண் அளவு, கட்டாதது உலகளவு". ஆடி மாசம் கல்யாணம் வெக்க மாட்டாங்க, வியாபாரம் படுத்துரும்னு கடைக்காரங்க தள்ளுபடி போடுறாங்க, அந்த கூட்டத்துல ஒருதடவ முட்டி மோதி வெளிய வந்தீங்கன்னா "ஆடித் தள்ளுபடில அம்மியும் பறக்கும்"னு வாய்ல வந்திரும். "யானை வரும் பின்னே மணியோசை வரும் முன்னே" இப்ப "டெலிவரி வரும் பின்னே ஓடிபி வரும் முன்னே". மேனேஜர் பதில் போடலன்னா "மெயில் மேல் மெயில் வைத்தால் மேனேஜரும் நகர்வார்". இதெல்லாம் ரெண்டு வருசத்துல பழசாகும், ஆகட்டும், வேற வரும்.

சொல்ற விதத்துக்கு வருவோம். வாய்ல சொல்றப்ப மொத பாதிய வேகமா சாதாரணமா சொல்லிட்டு திருப்புற வார்த்தைக்கு முன்னாடி ஒரு மூச்சு நிறுத்துங்க, அந்த மூச்சுலதான் கேக்குறவங்க மனசு பழைய வார்த்தைய எடுத்து கைல வெச்சிருக்கும். நீங்க மொதல்ல சிரிக்காதீங்க. வெளக்கவே வெளக்காதீங்க, ஒருத்தருக்கு புரியலன்னா பக்கத்துல இருக்குறவங்க சொல்லிக்குவாங்க, அவங்களுக்கும் அதுல ஒரு சந்தோசம். டைப் பண்றப்ப ஃபோன்னு ஆய்த எழுத்து போட்டு எழுதினா பொன்னோட ஒறவு அறுந்துரும், போன்னே எழுதுங்க. மாத்துன வார்த்தைக்கு மேற்கோள் குறி போடுறது, தடிமனா ஆக்குறது, பின்னாடி நாலு சிரிக்கிற பொம்மை வெக்கிறது எல்லாம் கண்ணுக்கு முன்னாடியே காட்டிக் குடுத்துரும். வெறும் வரியா விடுங்க.

நேரமும் முக்கியம். "சிறு தூறல் பெரு வெள்ளம்"னு சென்னைல இருக்குறவங்க சொல்லி சிரிப்பாங்க, ஒரு மழைக்கு தெரு மெதக்குது. ஆனா 2015 டிசம்பர்ல வீட்டுக்குள்ள தண்ணி வந்து எல்லாத்தையும் விட்டவங்க இருக்காங்க, தண்ணி நிக்கிறப்பவே வெளியூர்ல ஒக்காந்துட்டு நாம இத அனுப்பக் கூடாது. அவங்களா சொன்னா கூட சேந்து சிரிக்கலாம்.

இப்படி திருப்பி திருப்பி பழமொழியவே கெடுக்குறீங்கன்னு எங்க மாமா ஒருதடவ வருத்தப்பட்டாரு. நான் அவருக்கு சொன்னது இதுதான், அந்த பூரி அன்னைக்கு வீட்டுக்கு வர்ற வழில உங்க பேத்தி காடாள்வார்னா என்னன்னு கேட்டா, அப்பறம் பொறுத்தா ஏன் பூமி கெடைக்கும்னு கேட்டா, பாட நோட்டுல எழுதினப்ப இந்த ரெண்டும் அவ கேக்கவே இல்லையேன்னேன். மாமா ஒண்ணும் சொல்லல, அடுத்த வாரம் அவரே போன் பண்ணி ஒரு உல்டா சொன்னாரு.

நோட்டுல ரொம்ப நாளா முடியாம கெடந்த ஒண்ண சொல்லிட்டு நிறுத்திக்கிறேன். நிறைகுடம் தளும்பாது. குடம்தான் கீல்னு நெனைச்சு கடம், இடம், படம், வடம்னு எல்லாம் ஓட்டியாச்சு, நிறை இடம் தளும்பாதுன்னு டவுன் பஸ்ஸுக்கு வெச்சுப் பாத்தா படிக்கட்டுல தொங்குறவங்க அது பொய்ங்குறாங்க. மாசக்கணக்குல அப்படியே விட்டுட்டேன். போன தீவாளிக்கு ஊருக்கு போயிருந்தப்ப அப்பத்தாவுக்கு சேலை மாத்த எங்க மதினிக்கு ஒத்தாசையா நின்னேன், எடது இடுப்பு எலும்புக்கு மேல கருப்பா காய்ச்சுப் போன ஒரு தடம், கை அகலத்துக்கு. என்ன அப்பத்தான்னேன். "கொடம் வெச்ச எடம்டி"ன்னாக. கீல் குடத்துல இல்ல, தளும்புறதுல இருந்திருக்கு, எங்க பக்கம் பேச்சுல ழவும் ளவும் ஒண்ணுதான், எழுதுனாதான் பிரியும். அன்னைக்கு ராத்திரியே நோட்டுல எழுதிட்டேன்: நிறைகுடம் தளும்பாது, சுமந்தவ இடுப்புல தழும்பு.